தீர்விகாவும் இரண்டு பூப்பொட்டலமும்

மகளுக்குப் பேர் வைப்பது தன் பொறுப்பு, அதில் யாருக்கும் பங்கில்லை என்று ஆஞ்சப்பன் சபதம் எடுத்தது, கம்பெனியில் அவன் சட்டையிலிருந்து பேட்ஜைக் கழற்றிக்கொண்ட அன்று.

ஓசூர் சிப்காட்டில் வண்டிப் பாகங்கள் செய்யும் கம்பெனி அது. அங்கே 'பிராப்ளம் சால்விங் டீம்' என்று ஒன்று இருந்தது. மெஷின் நின்றால் அஞ்சு தடவை 'ஏன்' கேட்பார்கள். ஏன் நின்றது? பெல்ட் அறுந்தது. ஏன் அறுந்தது? இப்படியே தோண்டிக்கொண்டு போனால் அஞ்சாவது 'ஏன்' கேட்கும்போது உண்மை பிடிபட்டுவிடும். ஆஞ்சப்பன் அதில் புலி. போன மாசம் லைனுக்கு மேலே ஒரு கேமரா மாட்டினார்கள். அது 'ஏன்' என்றெல்லாம் கேட்பதில்லை, நேரே பதிலைச் சொல்லிவிடுகிறது. டீமைக் கலைத்து, டீம் பேட்ஜையும் வாங்கிக்கொண்டு, ஆஞ்சப்பனைப் பழையபடி லைனில் நிறுத்திவிட்டார்கள். ஏன் சார் என்று கேட்டுப் பார்த்தான். மேலிடத்து முடிவு என்றார்கள். இரண்டாவது 'ஏன்' கேட்பதற்குள் லைனுக்குப் போகச் சொல்லிவிட்டார்கள்.

அவன் பேரை இப்போது யாரும் சொல்வதுகூட இல்லை. கம்பெனியில் டோக்கன் நம்பர். வரிசை வீட்டில் 'கடைசி வீட்டுக்காரர்'. பெண்டாட்டி நிர்மலாவுக்கு 'ஏங்க'. ஆஞ்சநேயர் பேரை வைத்தால் பையன் மலையையே தூக்குவான் என்று நம்பி அப்பா வைத்த பேர். அவன் தூக்கியதெல்லாம் இரும்புப் பெட்டி. இந்த உலகத்தில் தான் எடுத்த முடிவு ஒன்றாவது நிலைத்து நிற்கட்டும், அது மகளின் பேராக இருக்கட்டும் என்று அவன் ஏங்கினான். சிரிக்கிறவர்கள் சிரித்துக்கொள்ளட்டும். அவனுக்கு அது நெஞ்சு வலிக்கிற விஷயம்.

பிரச்சினையைத் தீர்ப்பவள் என்று அர்த்தம் வருகிற பேராக வேண்டும். போனைத் தேய்த்துத் தேய்த்துத் தேடினான்.

"நிவாரணி எப்படி இருக்குது?"

"நல்லா இருக்குது. தலைவலிக்கு ரெண்டு வேளை போடலாம்" என்றாள் நிர்மலா, குழந்தைக்குப் பவுடர் போட்டுக்கொண்டே.

"விக்னஹாரிணி?"

"வாத்தியார் கூப்புட்டு முடிக்கறதுக்குள்ள பள்ளிக்கூடம் விட்டுருவாங்க."

வாடகை வாங்க வந்த வீட்டுக்காரர் சென்னப்பன் வீட்டில் பேசுவது கன்னடம். அவரும் ஒரு கை கொடுத்தார். "பரிஹாரான்னு வெய்யி ஆஞ்சப்பா. எந்த சமஸ்யே, பிரச்சினை வந்தாலும் நம்ம கன்னடத்துல அதுக்குப் பரிஹாரான்னுதான் சொல்றது."

"நம்ம பக்கம் பரிகாரம்னா ஜோசியக்காரருதாங்க ஞாபகத்துக்கு வருவாரு. புள்ளையக் கொண்டுபோயி முச்சந்தியில சுத்திப் போட்டுருவாங்க."

கடைசியில் ஆஞ்சப்பன் சொந்தமாகவே ஒன்றைத் தயாரித்தான். "தீர்விகா! எந்தச் சிக்கலா இருந்தாலும் தீத்து வெக்கறவ."

"காசும் தீருது, கேஸும் தீருது. அந்தத் தீருதா?"

"அர்த்தம் தெரியாம பேசாத புள்ள. நீ சொல்ற மாதேஸ்வரிக்கு மட்டும் என்னா பெருசா அர்த்தம் இருக்குது?"

நிர்மலா பவுடர் டப்பாவைக் கீழே வைத்தாள். "அது மாதேஸ்வரன் மலைச் சாமி பேரு. பிரசவத்துல நான் உசுருக்குப் போராடிக்கிட்டு கெடந்தப்போ அந்தச் சாமியத்தான் கூப்புட்டேன். வந்து நின்னுச்சு. அதான் அர்த்தம்."

"நானுந்தான் வாசல்ல நின்னேன்."

"நின்னீங்க. போன்ல சார்ஜ் எறங்கற வரைக்கும் நின்னீங்க."

ஆஞ்சப்பனுக்கு முகம் தொங்கிப்போனது. அதைப் பார்த்து அவளே ஒரு வழி சொன்னாள். "சரி, எதுக்கு வம்பு? மாரியம்மன் கோயில்ல பூ கேட்டுருவோம். ஆத்தா என்னா சொல்லுதோ அதுக்கு மேல நான் வாயத் தொறக்க மாட்டேன்."

பூ கேட்பது அந்தப் பக்கத்து வழக்கம். ஒரு இலையில் வெள்ளை அரளி, இன்னொரு இலையில் சிவப்பு அரளி. இரண்டையும் ஒரே மாதிரி மடித்துக் கட்டி அம்மன் காலடியில் வைப்பார்கள். பூசாரி ஒன்றை எடுத்துப் பிரிப்பார். எந்தப் பூ வருகிறதோ, அது அம்மன் வாக்கு.

"வெள்ளைன்னா தீர்விகா, செவப்புன்னா மாதேஸ்வரி. பொட்டலம் நானே கட்டறேன்" என்றான் ஆஞ்சப்பன். சரி என்றாள்.

ஞாயிற்றுக்கிழமை காலையில் இரண்டு நிறப் பூவும் வாங்கினான். வீட்டுக்குப் பின்னால் உட்கார்ந்து இரண்டு பொட்டலத்திலும் வெள்ளைப் பூவையே வைத்துக் கட்டினான். சிவப்பு அரளியை வண்டியின் சைடு பாக்ஸில் திணித்தான். தன் திட்டத்தையே அஞ்சு தடவை 'ஏன்' கேட்டுப் பார்த்தான். ஓட்டையே இல்லை. "ஆத்தா, மன்னிச்சுக்க. எனக்குன்னு இது ஒண்ணுதான்" என்று கன்னத்தில் போட்டுக்கொண்டபோது கண் கலங்கியது.

கோயிலில் அஞ்செட்டியிலிருந்து பஸ் பிடித்து வந்த நிர்மலாவின் சொந்தக்காரர்கள் கூடியிருந்தார்கள். பூசாரி பொட்டலங்களை அம்மன் காலடியில் வைத்தார்.

"புள்ளைய மடியில வெச்சிருக்கறவங்கதான் கேக்கணும். எந்தப் பூவுக்கு எந்தப் பேருன்னு சத்தமா சொல்லும்மா."

நிர்மலா கண்ணை மூடினாள். "ஆத்தா, வெள்ளப் பூ வந்தா மாதேஸ்வரி. செவப்புப் பூ வந்தா தீர்விகா. நீயே சொல்லு."

ஆஞ்சப்பன் அவசரமாக அவள் பக்கம் குனிந்தான். "ஏய், மாத்திச் சொல்ற! வெள்ளதான என்னுது?"

பூசாரி திரும்பினார். "எதுவா இருந்தா என்னா தம்பி? எந்தப் பொட்டலத்துல எது இருக்குதுன்னு யாருக்குத் தெரியும்? உனக்குத் தெரியுமா?"

மொத்தக் கூட்டமும் அவனைப் பார்த்தது.

"எனக்கு எப்படிங்க தெரியும்?"

"சந்தேகமா இருந்தா ரெண்டையும் பிரிச்சுப் பாத்துட்டு, மறுபடியும் கட்டி வெச்சுக் கேக்கலாங்க" என்றாள் நிர்மலா, கண்ணைத் திறக்காமல்.

"வேணாம், வேணாம்! சாமி காரியத்துல சந்தேகப்படக் கூடாது."

பூசாரி ஒன்றை எடுத்துப் பிரித்தார். வெள்ளை. கூட்டம் கன்னத்தில் போட்டுக்கொண்டது. மிச்சப் பொட்டலத்தை யாரும் தொடுவதற்குள் ஆஞ்சப்பன் பாய்ந்து எடுத்துச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டான். பிறகு, அப்பன்தான் சொல்ல வேண்டும் என்று அவனையே முன்னால் தள்ளினார்கள். குழந்தையின் காதில் 'மாதேஸ்வரி' என்று மூன்று தடவை சொன்னான். மூன்றாவது தடவை குரல் எழும்பவில்லை. அப்பனுக்குச் சந்தோஷம் தாங்கவில்லை என்று யாரோ சொன்னார்கள்.

வெளியே தூறல் பிடித்துக்கொண்டது. நாளைக்கு மறுபடி லைன், தலைக்கு மேலே அந்தக் கேமரா. வண்டியைப் பிடித்துக்கொண்டு ஆஞ்சப்பன் பெருமூச்சு விட்டான்.

"கம்பெனிதான் கைவிட்டுச்சுன்னா, ஆத்தாளும் என்னைக் கைவிட்டுட்டா பாரு நிர்மலா."

"ஆத்தா மேல பழி போடாதீங்க" என்றபடி அவள் சைடு பாக்ஸைத் திறந்து, வதங்கிய சிவப்பு அரளியை எடுத்து அவன் கையில் வைத்தாள். "பால் பாட்டில் வெக்கறதுக்குக் காலையில பொட்டியத் தொறந்தேன். அஞ்சு 'ஏன்' எல்லாம் எதுக்குங்க? இது இங்க ஏன் கெடக்குதுன்னு ஒண்ணே ஒண்ணுதான் கேட்டேன்."