எங்கள் விலாசத்தில் மூன்றாவது ஆள்

பெருமதிப்பிற்குரிய மச்சான் அவர்களின் சமூகத்திற்கு, தங்கள் தங்கையின் கணவன் பணிவுடன் எழுதுவது. இவ்விடம் இருவரும் சுகம். இருவர் என்று எழுதி, அடித்து, மறுபடி எழுதியிருக்கிறேன். அந்த எண்ணிக்கையில்தான் இப்போது தகராறு. அவ்விடம் தாங்களும் மகனும் மருமகளும் பேரப்பிள்ளைகளும் அந்தப் பெரிய வீட்டில் ஒரு குறையும் இல்லாமல் இருப்பீர்கள் என்று நம்புகிறேன்.

நாம் நேரில் பார்த்து மூன்று வருடம் ஆகிறது. போனில் பேசலாமென்றால் தங்கள் தங்கையின் காது சாதாரணக் காது அல்ல. நான் மொட்டை மாடியில் நின்று முணுமுணுத்தாலும் அடுப்படியிலிருந்து பதில் வரும். ஆகையால் கடிதம். படித்ததும் கிழித்துவிடவும். கிழித்த துண்டுகளை ஒரே குப்பைத் தொட்டியில் போட வேண்டாம்.

விஷயம் என்னுடைய அடையாள அட்டையில் ஆரம்பித்தது. சென்ற மாதம் அதைச் சட்டைப் பையில் வைத்திருந்தேன். தங்கள் தங்கை சட்டையை வாஷிங் மெஷினில் போட்டுவிட்டாள். முப்பத்தாறு வருடமாக என் பையைத் துழாவாமல் ஒரு துணியைக்கூட நனைக்காதவள், அன்றைக்கு மட்டும் ஏன் துழாவவில்லை என்பது என் முதல் சந்தேகம். எடுத்துப் பார்த்தால் எண் அழிந்துவிட்டது, பெயர் அழிந்துவிட்டது, முகம் இருந்த இடத்தில் ஒரு வெள்ளை வட்டம் இருந்தது. "முன்னைக்கு இப்ப பரவாயில்லையே" என்றாள். நான் சிரிக்கவில்லை.

மாற்று அட்டைக்கு அலுவலகம் போனேன். தாங்கள் அறிவீர்கள், பஸ்ஸில் டிக்கெட் பரிசோதகனாக முப்பத்தொரு வருடம் இருந்தவன் நான். வரிசையில் நிற்பவர்களைப் பார்த்த மாத்திரத்தில் யார் முன்னாடி நுழையப் போகிறான் என்று சொல்லிவிடுவேன். மூன்று பேரைச் சொன்னேன், மூன்று பேரும் நுழைந்தார்கள். பிடிக்கத்தான் அதிகாரம் இல்லை. கடைசியில் மூன்றாம் ஜன்னலில் ஒரு அம்மா. முன்னால் கம்ப்யூட்டர், பக்கத்தில் கேமரா, கைரேகை பிடிக்க ஒரு கண்ணாடிப் பெட்டி. ரேகை வைத்தேன். "அழுத்தாதீங்க சார்." மெதுவாக வைத்தேன். "அழுத்துங்க சார்." இப்படி மாறி மாறி ஒன்பது தடவை. அப்புறம் கண்ணைப் படம் பிடிக்க வேண்டுமாம். நான் நேராகத்தான் பார்த்தேன். அந்த அம்மா சொல்கிறாள், "சார், கண்ணை நல்லாத் திறங்க. சந்தேகமாப் பார்க்காதீங்க, மெஷின் எடுக்க மாட்டேங்குது." இது என் சாதாரணப் பார்வைதான் அம்மா என்றேன். பக்கத்து ஜன்னல்காரர் எழுந்து வந்து என்னைப் பார்த்துவிட்டுப் போனார். எப்படியோ ஏதோ ஒன்று பதிந்தது. பழைய அட்டை அந்த நிமிடமே ரத்து, புதியது தபாலில் வரும் என்று ஒரு துண்டுச் சீட்டு கொடுத்தாள்.

சீட்டை வாங்கித் திரும்பும்போதுதான் அந்தக் கேள்வி வந்தது.

"விலாசத்தில மாத்தம் இல்லையே சார்? அதே வீடு, மூணு பேர்."

"ரெண்டு பேர்மா. நானும் என் சம்சாரமும். பொண்ணைக் கட்டிக் கொடுத்தாச்சு, அவ விலாசத்தை அன்னைக்கே மாத்தியாச்சு."

"மூணு பேர்னு காட்டுது சார். இன்னொருத்தர் ஆண். வயசு அறுபத்தெட்டு. ஏழு மாசம் முன்னாடி உங்க விலாசத்துக்கு மாறியிருக்கார்."

மச்சான், எனக்கு உச்சந்தலையில் யாரோ ஐஸ் கட்டியை வைத்தது போல இருந்தது. பேர் என்ன என்று கேட்டேன். அடுத்தவர் விவரம் சொல்லக் கூடாதாம். சட்டமாம். "என் வீட்ல குடியிருக்கிறவன் பேரு எனக்கே தெரியக் கூடாதாம்மா?" என்றால், "உங்க வீட்லதானே இருக்கார், நீங்களே கேட்டுக்கலாமே சார்" என்கிறாள்.

வீட்டுக்கு வந்தேன். நேராகக் கேட்கவில்லை. நேராகக் கேட்டால் டிக்கெட் எடுக்காதவன்கூட "எடுத்தேன், கீழே விழுந்திருச்சு" என்பான். முதலில் தடயம் பார்க்க வேண்டும். கட்டிலுக்கு அடியில் பார்த்தேன், பரணில் ஏறிப் பார்த்தேன். பல் துலக்கும் பிரஷ்களை எண்ணினேன், இரண்டு. செருப்பை எண்ணினேன், அஞ்சு ஜோடி. நாலு அவளுடையது. "என்னத்தைத் தொலைச்சீங்க?" என்றாள். "தொலைக்கலை, கிடைக்குதான்னு பார்க்கிறேன்" என்றேன். அப்புறம்தான் மண்டையில் உறைத்தது. போன மாதம் பின்பக்க அறையை ஒழித்துச் சுத்தம் பண்ணினாள். பழைய பேப்பர், ஓடாத ஃபேன் எல்லாத்தையும் எடைக்குப் போட்டாள். எதுக்கு என்று கேட்டதற்கு, பல்லி வருதாம். பல்லிக்காக எவளாவது புதுத் தலையணை வாங்குவாளா மச்சான்? வாங்கியிருக்கா. உறை போட்டுப் பெட்டிக்குள்ள வைச்சிருக்கா. இன்னொண்ணு, நான் அடுப்படிக்குள்ள நுழைஞ்சா போனைக் கீழே வைச்சிட்டுக் குழாயைத் திறந்து விடறா. பாத்திரமே இல்லாத தொட்டியில தண்ணி ஓடுது.

இனி வெளி விசாரணை. அறுபத்தெட்டு வயசு ஆண் யாரு நம்ம தெருவில? எதிர் வீட்டு மருந்துக் கடைக்காரர். வழியில பிடிச்சு, "உங்களுக்கு என்ன வயசு?" என்று சாதாரணமாகக் கேட்டேன். "அறுபத்தேழு" என்றார். ஒரு வயசு குறைக்கிறான் பாருங்க! எதுக்குக் குறைக்கணும்? "கார்டைக் காட்டுங்க பார்க்கலாம்" என்றேன். பழக்க தோஷம், கையையும் நீட்டிட்டேன். அந்த மனுஷன் பயந்துபோய்க் காட்டிட்டார். அறுபத்தேழுதான், விலாசமும் எதிர் வீடுதான். அன்னையிலிருந்து என்னைப் பார்த்தா அவர் ஷட்டரைப் பாதி இறக்கிடறார்.

அடுத்தது தபால்காரர். "எங்க விலாசத்துக்கு அடையாள அட்டை ஏதாவது வந்துச்சா?" என்று கேட்டேன். அவர் வெள்ளந்தியா, "ஆறேழு மாசம் இருக்கும் சார், வந்துச்சே. அம்மா கையெழுத்துப் போட்டு வாங்கினாங்க. வேற ஒரு கவர்ல போட்டு, அன்னைக்கே திருப்பி அனுப்பிட்டாங்க" என்கிறார். வெளியாள் எவனோ மோசடி பண்ணி நம்ம விலாசத்தில பதிஞ்சிருந்தா ஒரு புகாரோட போயிடும். கையெழுத்து உங்க தங்கச்சியோடது, மச்சான்.

அன்னைக்குச் சாப்பாட்டு மேஜையில நைசாக் கேட்டேன். "நம்ம வீட்ல எத்தனை பேர் இருக்கோம்?" அவ சாம்பார்க் கரண்டியைக் கையில வைச்சிக்கிட்டு, "உங்களையும் சேர்த்தா?" என்றாள். அதுக்கப்புறம் ஜன்னலுக்கு வெளியே பார்த்தா. வெளியே ஒண்ணுமே கிடையாது, பக்கத்து வீட்டுச் சுவர்தான். முப்பத்தொரு வருஷம் நான் பார்த்த பார்வை அது. டிக்கெட் உள்ளவன் பரிசோதகன் ஏறினதும் பையைத் தடவுவான். இல்லாதவன்தான் வெளியே ஏதோ அதிசயத்தைப் பார்ப்பான்.

வெட்கத்தை விட்டுச் சொல்றேன், நீங்க மூத்தவர், யார்கிட்ட சொல்ல? இந்த வயசுல ஒரு மனுஷன் பொண்டாட்டியைச் சந்தேகப்பட்டா ஊரே சிரிக்கும். நானே சிரிப்பேன், வேற எவனாவது சந்தேகப்பட்டா. அவ நல்லவ. எனக்கு டைபாய்டு வந்தப்ப பதினெட்டு நாள் நாற்காலியிலேயே தூங்கினவ. ஆனா அறுபத்தெட்டு வயசுல ஒருத்தன் இந்த விலாசத்துக்கு வந்திருக்கான், அவனுக்குத் தலையணை வாங்கியாச்சு, அறை ஒழிச்சாச்சு, என்னோட அட்டையை மெஷின்ல போட்டு வெளுத்தாச்சு. கூட்டிப் பார்த்தா என்ன வருது? அவனை உள்ளே போட்டு என்னை வெளியே எடுக்கிற ஏற்பாடுன்னுதானே வருது?

ஆகவே நான் சும்மா இருக்கவில்லை. மறுநாள் காலை மூன்றாம் ஜன்னலுக்குப் போய், "மேற்படி விலாசத்தில் அப்படி ஒருவர் வசிக்கவில்லை, வசித்ததும் இல்லை, வசிக்கப் போவதும் இல்லை" என்று எழுதி மூன்று இடத்தில் கையெழுத்துப் போட்டுக் கொடுத்துவிட்டேன். கடைசி வாக்கியம் தேவையில்லை என்று அந்த அம்மா சொன்னாள். இருக்கட்டும் என்றேன். "பதினைஞ்சு நாள்ல அவர் கார்டு செல்லாமப் போயிடும் சார். உறுதியாத்தான் சொல்றீங்களா?" உறுதி என்றேன். இப்படி எவனும் அடுத்தவன் விலாசத்தில் ஓசிப் பயணம் பண்ண முடியாது.

தாங்கள் செய்ய வேண்டியது ஒன்றுதான். தங்கையை எனக்குக் கைபிடித்துக் கொடுத்தவர் தாங்கள். உடனே புறப்பட்டு வந்து, பக்கத்தில் உட்கார வைத்து, அந்த ஆள் யார் என்று கேட்க வேண்டும். நான் கேட்டால் மழுப்புவாள், அண்ணனிடம் பொய் சொல்ல மாட்டாள். அவன் மட்டும் என் கையில் கிடைக்கட்டும், அவன் எந்த ஊரோ அந்த ஊருக்கு நானே ஏற்றி விடுகிறேன்.

தங்கள் பாதங்களில் எங்கள் வணக்கம். மகனுக்கும் மருமகளுக்கும் என் அன்பைச் சொல்லவும். பேரக்குழந்தைகள் நீண்ட ஆயுளும் நிறைந்த படிப்புமாய் வாழ என் ஆசிகள்.

இப்படிக்கு,
தங்கள் கீழ்ப்படிந்த, தற்சமயம் அட்டையில்லாத
தங்கை கணவன்

பின்குறிப்பு: மச்சான், மேலே உள்ளது அத்தனையும் தப்பு. கவர் தேடி நான் அலமாரியைக் குடைந்துகொண்டிருந்தபோது உங்க தங்கச்சி இதை எடுத்து முழுக்கப் படிச்சிட்டா. முதல்ல சிரிச்சா. மருந்துக் கடைக்காரர் வர்ற இடத்துல கண்ணுல தண்ணி வர்ற அளவுக்குச் சிரிச்சா. கையெழுத்துப் போட்டுக் கொடுத்த இடம் வந்ததும் அந்தத் தண்ணி வேற தண்ணியா மாறிடுச்சு. "பாவி மனுஷா, அது எங்க அண்ணன்" என்றாள்.

எல்லாத்தையும் சொல்லிட்டா. மகன் குடும்பத்தோட வெளிநாடு போய் ஒன்றரை வருஷமாச்சாம். வீட்டை வித்தாச்சாம். நீங்க ஒரு அச்சகத்துக்கு மேலே மூணாம் மாடியில ஒத்தை அறையில இருக்கீங்களாம். லிஃப்ட் இல்லையாம். அறைக்காரர் குடியிருப்புக் கடிதம் தர மாட்டேன்னுட்டாராம். விலாசம் உள்ள அட்டை இல்லாம ஆஸ்பத்திரியில முட்டி ஆபரேஷனுக்குப் பதிய மாட்டேன்னாங்களாம். அதுக்குத்தான் இந்த விலாசமாம். நான் பேசறப்பெல்லாம் "ராஜா மாதிரி இருக்கேன் மாப்பிள்ளை" என்றீர்களே, போன்ல பின்னால கேட்கிற மெஷின் சத்தம் என்னன்னு ஒரு தடவை கேட்டேன், கிரைண்டர்னு சொன்னீங்க. நானும் நம்பினேன். முப்பத்தொரு வருஷ சர்வீஸ்!

என்கிட்ட ஏன் சொல்லலைன்னு கேட்டேன். நீங்கதான் சொல்லாதேன்னீங்களாம். "மாப்பிள்ளை டிக்கெட் இல்லாதவனைக் கண்டா நடுரோட்டுல இறக்கி விடற ஆளு" என்றீர்களாம். அவ அறையை ஒழிச்சு வைச்சிட்டு, என்கிட்ட எப்படிச் சொல்றதுன்னு ஒரு மாசமா யோசிச்சிருக்கா. அடிச்ச மாதிரி இருந்தது மச்சான். பின்பக்க அறைக்குப் போய் அந்தப் புதுத் தலையணையைப் பெட்டியிலிருந்து எடுத்து வெளியே வைச்சேன்.

உடனே உங்களுக்குப் போன் பண்ணினேன். "பரவாயில்லை மாப்பிள்ளை, தப்பு என்னுதுதான், வேற விலாசம் பார்த்துக்கறேன்" என்று வைத்துவிட்டீர்கள். அப்புறம் எடுக்கவே இல்லை. அதனால்தான் இந்தக் கடிதத்தைக் கிழிக்காமல் அப்படியே அனுப்புகிறேன். இதைவிடக் கேவலமாக என்னை நீங்கள் பார்க்க முடியாது. இனிமேல் என் எதிரில் கூச்சப்பட உங்களுக்கு ஒன்றும் இல்லை.

இன்று காலை மூன்றாம் ஜன்னலுக்கு ஓடினேன். கொடுத்ததைத் திருப்பித் தா என்றேன். தர முடியாதாம். சம்பந்தப்பட்ட ஆள் நேரில் வந்து, என் பக்கத்தில் நின்று, "நான் இவர் வீட்லதான் வசிக்கிறேன்" என்று அவரே சொன்னால்தான் ரத்தை நிறுத்துவார்களாம். "உண்மையைச் சொல்லுங்க சார், அவர் உங்க வீட்ல வசிக்கிறாரா இல்லையா?" என்றாள். வசிக்கிறார், வெளியூர் போயிருக்கிறார் என்றேன். அந்த அம்மா என் கண்ணை உற்றுப் பார்த்தாள். நான் பக்கத்துச் சுவரைப் பார்த்தேன்.

ஞாயிற்றுக்கிழமை முதல் வண்டியில் உங்களைக் கூப்பிட நானே வருகிறேன். பெட்டியைக் கட்டி வையுங்கள். மூணு மாடியும் நான் சுமந்து இறக்குகிறேன், நீங்கள் கைப்பிடியைப் பிடித்து மெதுவாக இறங்கினால் போதும். வர மாட்டேன் என்று சொல்ல உங்களுக்கு வழியில்லை. என் கண் படத்தை மெஷின் மறுபடி தள்ளிவிட்டதாம், முதலிலிருந்து வர வேண்டும் என்று அந்த அம்மா சொல்லிவிட்டாள். ஆகவே இந்தத் தேதிக்கு அரசாங்கப் பதிவின்படி, செல்லுபடியாகும் அட்டையோடு இந்த வீட்டில் குடியிருக்கும் ஒரே ஆண் நீங்கள்தான். வீட்டை அதிக நாள் பூட்டிப் போடாதீர்கள்.