மூன்று பேர் சுமந்த ரிவால்வர்

சட்டத்தை மீறுகிறவர்களோடு எப்படியும் காலம் தள்ளிவிடலாம். சட்டத்தை மதிக்கிறவரோடு ஒரு நாள் கூட நிம்மதியாக இருக்க முடியாது. நான் பல ஊர் சுற்றியவன். பல விதமான முதலாளிகளிடம் அடி, உதை, பழைய சோறு எல்லாம் வாங்கியவன். ஆனால் என்னை ஜெயில் வாசல் வரை கொண்டுபோனவர் ஒரே ஒருவர்தான். அவர் நாட்டிலேயே சட்டத்தை அதிகமாக மதித்தவர்.

அவருக்கு அப்பா அம்மா வைத்த பெயர் என்று ஒன்று இருந்திருக்கும். மலைமேல் இருக்கிற கரியாலூரில் யாருக்கும் அது தெரியாது. செக்சன் என்றால் கைக்குழந்தைக்குக் கூடத் தெரியும். எச்சில் துப்பினாலும், மாட்டை ரோட்டில் கட்டினாலும், இலையில் சோற்றை மிச்சம் வைத்தாலும் “அதுக்கு ஒரு செக்சன் இருக்குது” என்பார். எந்த செக்சன் என்று கேட்டால், “நீ படிச்சவனா இருந்தா சொல்லுவேன்” என்று முகத்தைத் திருப்பிக்கொள்வார். நான் எட்டாம் வகுப்பைப் பாதியில் விட்டவன். ஆகவே எனக்குச் சொன்னதே இல்லை.

ராணுவத்தில் சமையல்காரராக இருந்து ஓய்வு பெற்றவர். பஸ் நிற்கிற இடத்தில் ஒரு மெஸ் வைத்திருந்தார். சின்னசேலம் ரயிலடியில் மூட்டை தூக்கிக்கொண்டிருந்த நான், அங்கே வேலை அற்றுப்போனதும் மலை ஏறி, பசியோடு அவர் மெஸ் வாசலில் உட்கார்ந்தேன். “மாவாட்டத் தெரியுமா?” என்றார். தெரியும் என்றேன். அப்போது எனக்கு வயது முப்பது. மாவாட்டி முடித்து நிமிர்ந்தபோதுதான் அவர் இடுப்பைப் பார்த்தேன். தோல் உறையில் ரிவால்வர் தொங்கியது. பயந்துபோய் இன்னொரு ஆழாக்கு அரிசியையும் சேர்த்து ஆட்டினேன்.

ராணுவ அதிகாரி ஒருவரின் சிபாரிசில் லைசென்ஸ் வாங்கியிருந்தார். வெள்ளைக்காரன் காலத்து ரிவால்வர். காலையில் டீ ஆற்றும்போதும் இடுப்பில் இருக்கும், மத்தியானம் ரசம் தாளிக்கும்போதும் இருக்கும். தோட்டா மட்டும் கிடையாது.

“ஏண்ணே தோட்டா வாங்கல?”

“தோட்டா இருந்தா சுடத் தோணும். சுட்டா கேசு.”

ஒரு தடவை அருவி பார்க்கக் கீழிருந்து ஒரு குடும்பம் வந்தது. இட்லி சொல்லிவிட்டு உட்கார்ந்தவர்கள், சட்னி ஊற்றக் குனிந்தவரின் இடுப்பைப் பார்த்துவிட்டுக் கைகழுவாமலே ஓடினார்கள். இவர் பின்னாலேயே ஓடினார். “இருங்க, லைசென்ஸ் இருக்குது! லைசென்ஸ் பாத்துட்டுப் போங்க!” துப்பாக்கியோடு ஒருவர் துரத்தினால் யார் நின்று லைசென்ஸ் பார்ப்பார்கள்?

மலைக்காரர்கள் வீட்டுக்கு வீடு நாட்டுத் துப்பாக்கி வைத்திருந்தார்கள். சாமைக் கொல்லையில் பன்றி விழுந்தால் ஒரே ராத்திரியில் வருஷச் சாப்பாடு போய்விடும். பன்றியை விரட்ட வைத்திருந்த அந்தத் துப்பாக்கிகளுக்கு லைசென்ஸ் ஏது? துப்பாக்கியோடு வருகிறவர்களுக்கு மெஸ்ஸில் டீ கிடையாது என்று செக்சன் விதி போட்டிருந்தார். இந்த விதியை வெள்ளைச்சி என்ற மலைக்காரி தினமும் கிழித்துத் தோரணம் கட்டுவாள். எங்களுக்கு மரவள்ளிக் கிழங்கும் தேனும் கொண்டுவருகிறவள். ஐம்பது வயது இருக்கும், நாக்குக்கு வயதே கிடையாது.

“உன் அண்ணன் துப்பாக்கிக்கு லைசென்ஸ் இருக்குதா?” என்பார் செக்சன்.

“பன்னிக்கு இருக்குதா? மொதல்ல அதுக்கு ஒண்ணு எழுதிக் குடு. அப்பால எங்கண்ணன் வாங்குவான்.”

இப்படிப் போய்க்கொண்டிருந்த காலத்தில்தான் இடஒதுக்கீடு கேட்டுக் கீழே மறியல் ஆரம்பித்தது. ரோடெங்கும் மரங்கள் சாய்ந்தன. பஸ்கள் பாதி வழியில் நின்றன. ஒருநாள் காலை பஸ் கண்டக்டர் இரண்டு நோட்டீஸ்களைக் கொண்டுவந்து செக்சனிடம் கொடுத்தார். லைசென்ஸ் உள்ளவர்கள் எல்லாரும் மறுநாள் சாயங்காலத்துக்குள் துப்பாக்கியை ஸ்டேஷனில் ஒப்படைக்க வேண்டும் என்றது முதல் நோட்டீஸ். இல்லாவிட்டால் வழக்கு. பொது இடத்தில் யாரும் எந்த ஆயுதமும் எடுத்துச் செல்லக் கூடாது என்றது இரண்டாவது. மீறினால் அதற்கும் வழக்கு. அவர் லைசென்ஸில் குறித்திருந்த ஸ்டேஷன் கீழே கள்ளக்குறிச்சியில் இருந்தது.

செக்சன் இரண்டையும் மாற்றி மாற்றிப் படித்தார். டீ பொங்கி அடுப்பு அணைந்தது.

“கொண்டு போவலன்னா கேசு. கொண்டு போனாலும் கேசு” என்றார்.

“பையில போட்டு எடுத்துக்கினு போங்கண்ணே. யாரு பாக்கப் போறாங்க?”

“யாரும் பாக்கலன்னா குத்தம் இல்லன்னு எந்த செக்சன்ல இருக்குது?”

கிழங்கு மூட்டையை இறக்கிக்கொண்டிருந்த வெள்ளைச்சி சிரித்தாள். “எங்க வூட்டுத் துப்பாக்கிய எவனும் கேக்கல பாத்தியா? லைசென்ஸ் வாங்கன பாரு, அதான் நீ செஞ்ச தப்பு.”

அன்று மத்தியானம் ரசம் தாளிக்கவே மறந்துபோனார். மாலையில் திடீரென்று ரிவால்வரைத் திருகிப் பிரித்து மேசையில் மூன்று துண்டாக வைத்தார். பிடியோடு சேர்ந்த உடம்பு. குழல். தோட்டா போடுகிற உருளை.

“இது இன்னா?” என்றார்.

“துப்பாக்கிண்ணே.”

“இல்ல. இது இரும்பு. மூணும் சேந்தாதான் துப்பாக்கி.” அவர் முகத்தில் அப்படி ஒரு வெளிச்சம். “மூணு பேரு, ஆளுக்கு ஒண்ணு. தனித்தனியா போவோம். எவன் கையிலயும் துப்பாக்கி இல்ல. ஸ்டேஷன் உள்ள போயி சேத்துக் குடுப்போம்.”

உடம்பில் நம்பர் பொறித்திருந்ததால் அது அவருக்கு. குழல் எனக்கு. கள்ளக்குறிச்சியில் இருந்த மகளைப் பார்க்க வெள்ளைச்சி மறுநாள் கீழே போவதாக இருந்தாள். மகளுக்குக் கொண்டுபோகும் சாமைப் பைக்குள் உருளையைப் போட்டுக்கொண்டாள். “பேரப்புள்ள பொறந்தா வெளயாட ஆவும்” என்றாள். அவர் மூன்று முறை சத்தியம் வாங்கினார்.

காலை பஸ்ஸில் அவர் முன்னால், நான் நடுவில், அவள் பின்னால். கண்டக்டர் கேட்டார். “இன்னா மூணு பேருக்கும் சண்டையா?” அடிவாரத்தைத் தாண்டிக் கச்சிராயபாளையத்தில் பஸ் நின்றுவிட்டது. அங்கிருந்து நடை.

நடக்கும்போது ஒருவருக்கொருவர் ஒரு பர்லாங்கு இடைவெளி விடவேண்டும் என்பது செக்சனின் உத்தரவு. நான் கொஞ்சம் வேகமாக நடந்தால் திரும்பிக் கத்துவார். “தள்ளிப் போடா! சேந்துட்டா கேசு!” வெயில் மண்டையைப் பிளந்தது. தண்ணீர் ஒரே ஒரு பாட்டில்தான். அவர் குடித்துவிட்டு மைல்கல் மேல் வைத்துவிட்டுப் போவார். நான் வந்து குடித்து அங்கேயே வைத்துவிட்டு நடப்பேன். வெள்ளைச்சி வந்து குடித்து எடுத்துக்கொள்வாள். பிறகு அந்தப் பாட்டில் மறுபடி முன்னால் போய்ச் சேர வழியில்லை. இதை அவர் யோசிக்கவில்லை. தொண்டை காய்ந்துபோய் மூன்று பேரும் தனித்தனியாக அவரைத் திட்டிக்கொண்டு நடந்தோம். அவரும் தம்மைத் திட்டிக்கொண்டது ஒரு பர்லாங்கு தள்ளி வந்த எனக்கே கேட்டது.

பாதி தூரத்தில் ரோட்டின் குறுக்கே ஒரு புளியமரம் கிடந்தது. ஐம்பது அறுபது பேர் உட்கார்ந்திருந்தார்கள். செக்சன் போய் அவர்களிடம் ஏதோ பேசிவிட்டு மரத்தைத் தாண்டிப் போய்விட்டார். பின்னால் போன நான் சாதாரணமாக முகத்தை வைத்துக்கொண்டு நெருங்கினேன். துண்டு கட்டிய பெரியவர் ஒருவர் என்னை மேலும் கீழும் பார்த்தார்.

“வாப்பா. கொழலு நீதானா?”

என் கை தானாகப் போய் இடுப்பில் செருகியிருந்த குழலை மூடியது.

“பின்னாடி உருள வருதாமே?” என்றார் இன்னொருவர். கூட்டமே சிரித்தது.

நடந்தது இதுதான். “எங்க போறீங்க?” என்று அவர்கள் கேட்டிருக்கிறார்கள். அதற்கு செக்சன், “எங்கிட்ட இருக்கறது துப்பாக்கி இல்ல” என்று ஆரம்பித்து, முழு விளக்கமும் கொடுத்துவிட்டுப் போயிருக்கிறார்.

“நாங்க துப்பாக்கியப் பத்திக் கேக்கவே இல்லப்பா” என்றார் பெரியவர், பாவமாக. “உக்காரு. சாப்ட்டுப் போ.”

புளிச்சோறு. வீடு வீடாக வாங்கிவந்து ஒரே குண்டானில் கொட்டியது. காலையிலிருந்து சாப்பிடாதவன் ஒரு இலையோடு எழுந்திருப்பானா? இரண்டாவது தடவை வாங்கிய நேரத்தில் போலீஸ் வேன்கள் வந்தன. யாரும் ஓடவில்லை. வரிசையாக ஏறினார்கள்.

“சார், நான் மறியல் இல்லீங்க. சாப்பாடு” என்றேன், வாயில் சோற்றோடு.

“எல்லாரும் அதத்தான் சொல்றான். ஏறு.”

எங்களைக் கள்ளக்குறிச்சியில் ஒரு கல்யாண மண்டபத்தில் கொண்டுபோய் அடைத்தார்கள். எந்தக் கல்யாணத்துக்கோ கட்டிய வாழைமரம் வாசலில் வாடிக்கொண்டிருந்தது. சாயங்காலம் விட்டுவிடுவார்கள், அதுதான் வழக்கம் என்றார் பெரியவர். ஆனால் மேடைக்குக் கீழே மேசை போட்டு இன்ஸ்பெக்டர் உட்கார்ந்திருந்தார். ஒவ்வொருவராகக் கூப்பிட்டு மடி, இடுப்பு எல்லாம் சோதித்துப் பெயர் எழுதிக்கொண்டிருந்தார்கள். கலவரக் காலம். மறியலில் பிடிபட்டவன். இடுப்பில் துப்பாக்கிக் குழல். லைசென்ஸ் கிடையாது, சொந்த ஊர் என்று சொல்ல ஒரு விலாசம் கூடக் கிடையாது. எத்தனை வருஷம் உள்ளே போடுவார்கள் என்று எனக்குத் தெரியவில்லை.

“கக்கூஸ்ல போட்டுடுய்யா” என்று பெரியவர் காதில் சொன்னார். அறுபது பேருக்கும் என் இடுப்பில் இருப்பது தெரியும். ஒருவர் கூட வாய் திறக்கவில்லை.

போட்டிருக்கலாம். ஆனால் குழல் இல்லாமல் போனால் அந்த மனுஷன் ஸ்டேஷனில் எதை ஒப்படைப்பார்? அவர் மேல் அல்லவா வழக்கு வரும்? அவருடைய ஏழு தலைமுறையையும் மனதுக்குள் திட்டிக்கொண்டே குழலைத் தொட்டுப் பார்த்துக்கொண்டு வரிசையில் நின்றேன்.

ஸ்டேஷனில் நடந்ததைப் பிறகு வெள்ளைச்சி சொன்னாள். இரண்டு துண்டுகளை மேசையில் வைத்ததும் அங்கிருந்தவர், “இது துப்பாக்கி இல்லீங்க. முழுசா கொண்டாங்க” என்று சொல்லிவிட்டாராம். மூன்றும் சேர்ந்தால்தான் துப்பாக்கி என்று அவர்களுக்கும் தெரிந்திருக்கிறது. நான் வேனில் ஏற்றப்பட்டதை இவள் பர்லாங்கு தூரத்திலிருந்து பார்த்திருக்கிறாள். அதைச் சொல்லி, “கொழலு ஏரியில வுழுந்துட்ச்சின்னு சொல்லிட்டு வூடு போயி சேரு. அவன்கிட்ட இருக்குதுன்னு சொன்னா நீதான் மாட்டுவ. லைசென்ஸ் இல்லாதவங்கிட்ட குடுத்தது நீ” என்றாளாம். செக்சன் இரண்டு துண்டையும் எடுத்துக்கொண்டு, எங்களை அடைத்த மண்டபம் எங்கே என்று விசாரித்து ஓடியிருக்கிறார்.

எனக்கு முன்னால் இரண்டே பேர் இருந்தபோது அவர் உள்ளே வந்தார். சட்டை முழுக்க வியர்வை. நேராக இன்ஸ்பெக்டர் மேசைக்குப் போய் விறைப்பாக நின்று சல்யூட் அடித்தார்.

“சார், தோ நிக்கிறானே, அவன் இடுப்புல இருக்கறது என் ரிவால்வர் கொழலு. நான்தான் குடுத்தேன். அவனுக்கு அது இன்னான்னே தெரியாது. துணி சுத்தி, ஊதாங்குழல்னு சொல்லிக் குடுத்தேன்.”

பொய். ஆறு வருஷம் பழகியவர்கள் கூட அவர் வாயில் ஒரு பொய்யைக் கேட்டதில்லை. அவர் பின்னாலேயே வந்திருந்த வெள்ளைச்சி சாமைப் பையை நழுவவிட்டாள்.

இன்ஸ்பெக்டர் என் பக்கம் திரும்பினார். குழலை எடுத்து மேசையில் வைத்தேன். அது ஒரு சாண் நீளம்கூட இல்லை.

“ஊதாங்குழல்னு சொன்னா நம்பிட்டியா? இவ்ளோ சின்னதா இருக்குது?”

“எங்க மெஸ்ஸுல அடுப்பு சின்னதுங்க” என்றேன்.

மண்டபமே சிரித்தது. இன்ஸ்பெக்டர் சிரிக்காமல் இருக்க மீசையைத் தடவிக்கொண்டார். என்னைப் பார்த்து, “அந்தப் பக்கம் போய் நில்லு” என்றார். பிறகு செக்சனைப் பார்த்தார். “லைசென்ஸ் வச்சிருக்கற நீ, இல்லாதவங்கிட்ட குடுக்கலாமாய்யா?”

“கூடாதுங்க. அதுக்கு ஒரு செக்சன் இருக்குதுங்க” என்று சொல்லி, அதன் நம்பரையும் எடுத்துக் கொடுத்தார். படித்தவர் கேட்டால் சொல்வார் என்பது உண்மைதான்.

மூன்று துண்டுகளையும் அந்த மேசை மேலேயே சேர்த்து, உறையைக் கழற்றி, லைசென்ஸையும் அதன் மேல் வைத்தார். வழக்கு இல்லை, லைசென்ஸ் மட்டும் ரத்து என்றார் இன்ஸ்பெக்டர். அந்த ரிவால்வர் திரும்ப வரவே இல்லை.

வாசலுக்கு வந்ததும் எனக்குப் பொறுக்கவில்லை. “எதுக்குண்ணே இந்தக் கூத்து? பைசா பெறாத இரும்பு! என்னைய ஜெயிலுக்கு அனுப்பப் பாத்தீங்களே!”

அவர் வெறும் இடுப்பைத் தடவிக்கொண்டார். “போலீஸ்காரங்கிட்ட பொய் சொன்னதுக்குத் தனியா ஒரு செக்சன் இருக்குதுடா. யார்கிட்டயும் சொல்லிக்காத” என்றார்.

அதோடு திருந்தினாரா என்றால் இல்லை. மலைக்குத் திரும்பிய வாரமே முத்திரை இல்லாத தராசில் நிறுக்கக் கூடாது என்ற சட்டத்தைப் பிடித்துக்கொண்டார். வெள்ளைச்சியின் கிழங்கு எடை போடாமல் வாசலில் கிடந்து முளைவிட்டது. பிறகு சைக்கிள் விளக்கு. பிறகு பொது இடத்தில் சத்தமாகப் பாடுவது. தினமும் ஒரு சண்டை. சண்டை முற்றினால் துணிமணியைச் சுருட்டிக்கொண்டு ரோட்டுக்குப் போய் நிற்பேன். எந்த ஊரிலும் ஒரு அறுவடைக்கு மேல் தங்கியவன் இல்லை நான். பஸ் வரும், கொஞ்ச நேரம் நிற்கும், போகும். சரி, அடுத்த பஸ்ஸில் போகலாம் என்று உள்ளே வந்து, அவர் பக்கத்தில் வெங்காயம் உரிக்க உட்கார்ந்துவிடுவேன்.