துலா மிதிச்ச கிளாக்கர்

மலாயாவிலை றப்பர் விலை விழுந்தது. அதோடை நானும் விழுந்தன். பன்னிரண்டு வருசம் கிளாக்கராய் இருந்தவனை ஒரே கடதாசியிலை வீட்டுக்கு அனுப்பிப்போட்டாங்கள். வேலை போனால் போகட்டும், மானம் போகக்கூடாது எண்டு கப்பலிலையே தீர்மானிச்சன். ஊருக்கு நான் லீவிலை வந்த கிளாக்கர். உண்மை என்ரை மனிசி பூரணத்துக்கு மட்டும் தெரியும்.

அதுக்காகச் சுன்னாகத்து வெயிலிலை கோட்டும் சப்பாத்துமாய்த் திரிஞ்சன். வேர்த்து ஊத்தும். எண்டாலும் கழட்டேல்லை.

ஒரு நாள் பூரணம் வந்து நிண்டா.

"இஞ்சருங்கோ, வெங்காயம் வாடுது. கிணத்துத் துலாமரத்திலை ஏறி மிதிச்சுத் தண்ணி இறைக்கிறவனுக்குக் கூலி குடுக்க வழியில்லை, அவனை நிப்பாட்டிப்போட்டன். கீழை பனையோலைப் பட்டை பிடிச்சுத் தண்ணி ஊத்த என்ரை தம்பி நிக்கிறான். நீங்கள் ஏறி மிதியுங்கோ."

"நானோ? லீவிலை வந்தவன் துலா மிதிச்சால் சனம் கண்டுபிடிச்சுப்போடும், வேலை போயிட்டுது எண்டு!"

"உந்த வெங்காயமும் போனால் என்னத்தைத் தின்னுறது?"

"அதுக்கு மானத்தை விடேலாது."

பூரணம் துலாவை அண்ணாந்து பாத்தா.

"சரி. வயித்துக் கோளாறுக்கு வெள்ளைக்கார டொக்டர் மிதிக்கச் சொன்னவர் எண்டு சொல்லுவம்."

"வெள்ளைக்காரனுக்குத் துலாவைப் பற்றி என்ன தெரியும்?"

"அது சனத்துக்குத் தெரியுமே?"

என்ன மூளை எண்டு மெச்சினன். கோட்டைப் பூவரசிலை கொழுவிப்போட்டு ஏறினன்.

விடியவெள்ளன துலாவிலை முன்னுக்குப் போறதும் பின்னுக்கு வாறதும்தான். கால் கொப்புளிச்சுது. குனிய நிமிர ஏலாமல் நாரி விட்டுப்போச்சு. இறங்க வெளிக்கிட்டால் கீழையிருந்து பூரணம், பக்கத்துத் தோட்டக்காரருக்கும் கேக்கத்தக்கதாய்க் கத்துவா: "டொக்டர் ஒரு மணித்தியாலம் எண்டவரோ, ஒண்டரை எண்டவரோ?"

"ஒண்டரை!" எண்டு நானும் கத்துவன். வேறென்ன செய்யிறது?

ஒரு மாசம் போச்சுது. வெங்காயம் தழைச்சுது, நான் வாடிப்போனன். பக்கத்துத் தோட்டத்து ஆழ்வாப்பிள்ளை அண்ணை ஒருநாள் துலாவடிக்கு வந்து அண்ணாந்து பாத்தார்.

"அண்ணை, வயித்துக்கு நல்ல சுகம். நீங்களும் ஒருக்கால் மிதிச்சுப் பாருங்கோ," எண்டன்.

அவர் ஒரு மாதிரிச் சிரிச்சார்.

"விடும் தம்பி. வேலை போறது ஆருக்கும் வாறதுதானே. நீர் வந்த கிழமையே பூரணம் ஊர் முழுக்கச் சொல்லித்தானே விதை வெங்காயம் கடனுக்கு வாங்கினது."

ஒரு மாசம்! ஆருக்கு ஒளிச்சு மிதிச்சன்? வாய்க்காலிலை நிண்ட பூரணத்தைப் பாத்துப் பல்லைக் கடிச்சன்.

அவ நிமிர்ந்து பாத்தா. முகத்திலை ஒரு கலக்கமும் இல்லை.

"இன்னும் மூண்டு பாத்தி கிடக்குது. அதை முடிச்சிட்டு வந்து கோவியுங்கோ."