செத்தவன் சைக்கிளில் வந்தான்

முதல் ரீலிலேயே கதாநாயகன் செத்துப் போனான்.

திரையோரம் நின்ற சலாவுதீன் குச்சியால் பிணத்தைச் சுட்டிக் காட்டிவிட்டு, அடுத்து என்ன சொல்வதென்று திரையையே பார்த்தார். இங்கிலீஷ் பேசும் படங்களை, ஊரைப் பிடித்த ஜப்பான்காரன் தடுத்துவிட்டதால், பிரிக்பீல்ட்ஸ் கொட்டகையில் பழைய ஊமைப்படம் ஒன்றைத் தூசி தட்டி எடுத்திருந்தார்கள். இடையிடையே வரும் இங்கிலீஷ் எழுத்தையும் வெட்டியாயிற்று. இனிக் கதை சொல்வது சலாவுதீன் பொறுப்பு. கதை அவருக்கும் தெரியாது என்பது வேறு விஷயம்.

முன்வரிசையில் ஜப்பான் ஆபீசர், மடியில் வாளோடு. பக்கத்தில் பாலன், சலாவுதீன் சொல்வதையெல்லாம் ஜப்பான் பாஷையில் மாற்றி அவர் காதில் ஓதிக்கொண்டிருந்தான். ஆபீசருக்குப் பிடிக்காவிட்டால் கொட்டகைக்குப் பூட்டு. வேலையில்லாதவனைச் சயாமில் ரயில் பாதை போட லோரியில் ஏற்றிவிடுவார்கள். போனவன் எவன் திரும்பினான்?

இரண்டாவது ரீலில், செத்தவன் சைக்கிளில் வந்தான்.

சலாவுதீன் மிஷின் அறைக்கு ஓடினார். "வேலாயுதம், ரீலை மாத்திப் போட்டுட்டியா?"

"பெட்டியில இருந்த வரிசையிலதாண்ணே ஓட்டுறேன். எனக்கென்ன தெரியும்லா?"

திரும்பி வந்தவர், "இவன் செத்தவனோட தம்பி" என்று ஒரே போடாகப் போட்டார்.

தம்பியோ நேரே போய், சற்றுமுன் பிணத்தின்மேல் விழுந்து அழுதவளைக் கட்டிப்பிடித்தான்.

"அடப்பாவி, அண்ணியையா?" என்றது பெண்கள் பக்கமிருந்து ஒரு குரல்.

"அண்ணி இல்ல தாயி. அண்ணியோட தங்கச்சி. ரெட்டைப் பிள்ளைங்க."

அவர்களுக்குக் கல்யாணமும் ஆயிற்று. சலாவுதீன் மூச்சு விட்டார். விட்ட மூச்சை இழுப்பதற்குள் கடைசி ரீலில் மறுபடி அதே கட்டில், அதே மெழுகுவத்தி, அதே பிணம்.

"தம்பியும் போயிட்டான்" என்றார் ஈனசுரத்தில்.

"அதே கட்டில்லயா? முதல்ல கட்டிலைத் தூக்கி வெளியில போடுங்கய்யா!" என்றது அதே குரல்.

சாவுக் காட்சியில் கொட்டகையே விழுந்து விழுந்து சிரித்தது. ஆபீசர் மட்டும் சிரிக்கவில்லை. விளக்கு எரிந்ததும் எழுந்து, பாலனிடம் கடுகடுவென்று ஏதோ சொல்லிவிட்டு வெளியே போனார். சலாவுதீன் மனசுக்குள் லோரியில் ஏறி உட்கார்ந்துவிட்டார்.

பாலன் மெல்ல வந்தான். "அண்ணே, ரீல் மாறலயாம். புருஷன் செத்த வீட்டுல அந்தப் பொண்ணு பழசை நெனச்சுப் பாக்குதாம், அவ்வளவுதான் கதையாம். நாளையிலேருந்து ஆபீசரே கதை சொல்வாராம், நான் உங்க காதுல ஓதுறதை நீங்க பக்கத்துல நின்னு தமிழ்ல சொன்னா போதுமாம். படம் பேச ஆரம்பிக்கிறதுக்கு முன்னாடி, அவர் ஊர்ல அவருக்கும் இதே வேலைதானாம்."