என் புத்தகத்தை யாரும் எடுக்க வேண்டாம்

அன்புள்ள மச்சானுக்கு,

அங்கே எல்லோரும் சுகமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன். இங்கே உங்கள் தங்கை சுகம். நான் இன்னும் எத்தனை நாளைக்குச் சுகம் என்று சொல்வதற்கில்லை.

எங்கள் நூலகத்தில், யாருமே எடுக்காத புத்தகங்களைக் கழித்துக்கட்டப் போகிறார்கள். முதலில் மாட்டியது நான் எழுதிய நகைச்சுவைப் புத்தகம். சத்தியமாகச் சொல்கிறேன், எனக்கு நிம்மதியாக இருந்தது. ஏனென்றால் அந்தப் புத்தகம் கிட்டத்தட்ட முழுக்க, அங்கே தினமும் வந்து உட்காருகிறவர்களைப் பற்றித்தான். எவன் படிக்கப் போகிறான் என்ற தைரியத்தில் எழுதித் தொலைத்தேன். பேப்பரால் முகத்தை மூடிக் குறட்டை விடும் ரிட்டையர்டு இன்ஸ்பெக்டரை, 'திருடர்களுக்குத் தாலாட்டுப் பாடியவர்' என்று எழுதியிருக்கிறேன். பத்திரிகையில் சமையல் குறிப்பைக் கிழிக்கும்போது சத்தம் கேட்காமலிருக்க இருமுகிற டீச்சருக்குத் தனிக் கட்டுரையே உண்டு.

போதாத காலம், அவர்களுக்கு என்மேல் பாசம் பொங்கிவிட்டது. "நம்ம ஆளு புத்தகத்தை எடைக்குப் போட விட்ருவோமா? ஆளுக்கு ஒரு வாரம் எடுத்துட்டுப் போவோம்"னு இன்ஸ்பெக்டர் கிளம்பிட்டார். "வேண்டாம் சார், ரொம்பச் சுமாரான புத்தகம்"னு கெஞ்சினேன். "எவ்வளவு அடக்கம் பாருங்க!"ன்னு டீச்சருக்குக் கண்ணே கலங்கிடுச்சு. முதலில் டீச்சர்தான் எடுத்துப் போனார். திருப்பிக் கொடுக்கும்போது என்னைப் பார்த்து, "ரொம்ப நல்லா இருந்துச்சு சார்" என்று சொல்லிவிட்டு இருமினார். மச்சான், அந்த இருமலுக்கு என்ன அர்த்தம்? இப்போது புத்தகம் இன்ஸ்பெக்டர் கையில். நேற்று வாசலில் என் தோளில் கையைப் போட்டு அழுத்தி, "முடிச்சிட்டு உங்களைத் தனியாப் பாக்கணும்"கிறார். அந்தக் கை இரும்பு மச்சான். வீட்டு கேட் கிரீச்சென்றால் நான் குளியலறைக்குள் போய்த் தாழ் போட்டுக்கொள்கிறேன். "வயிறு சரியில்லையா?"ன்னு உங்க தங்கை கஷாயம் வைக்கிறாள். தயவுசெய்து உங்கள் மாடி அறையை ஒரு மாதத்துக்கு ஒழித்துக் கொடுங்கள். ஒரு மூலையில் சத்தமில்லாமல் கிடப்பேன்.

பெரியவர்களுக்கு வணக்கம், சின்னவர்களுக்கு ஆசி. இதுவே என் கடைசி வணக்கமும் ஆசியுமாக இல்லாதிருக்கட்டும்.

இப்படிக்கு,
உங்கள் தங்கையின் மாங்கல்ய பாக்கியம்

பி.கு.: மாடி அறை வேண்டாம். இன்ஸ்பெக்டர் தனியாகக் கூப்பிட்டது, தன்னைப் பற்றியும் ஒரு புத்தகம் எழுதச் சொல்லத்தானாம். "பிரமாதமான எழுத்து சார்" என்று கையைக் குலுக்கினார். அவர் திருப்பிக் கொடுத்த புத்தகத்தைப் பிரித்துப் பார்த்தேன். அச்சகத்தில் ஓரம் வெட்டாமல் விட்ட பக்கங்கள், இரண்டிரண்டாக ஒட்டியது ஒட்டியபடியே இருக்கின்றன. ஒருத்தரும் படிக்கவில்லை! இந்த அவமானத்தை எங்கே போய்ச் சொல்வேன்? அது கிடக்கட்டும். உங்களுக்கும் ஒரு பிரதி அனுப்பினேனே, "ஒரே மூச்சில் படித்து விழுந்து விழுந்து சிரித்தேன்" என்று பதில் போட்டீர்களே மச்சான், அதில் கடைசிக் கட்டுரை உங்களைப் பற்றியது.