கிளி ஓட்டிய முதல் ட்ரிப்

என் கையெழுத்து மோசம். நாலாம் வகுப்போடு நிறுத்தியவன், அதுவும் பாதி மலையாளத்தில். பிழைகளைப் பொறுத்துக்கொள்ளுங்கள். ஒன்றை மட்டும் தெளிவாக எழுதிவிடுகிறேன்: திருடிய பஸ்ஸை எல்லா ஸ்டாப்பிலும் நிறுத்தி ஆள் ஏற்றியவன் உலகத்திலேயே எங்கள் மட்டாஞ்சேரி கிளி ஒருவன்தான்.

இங்கே பஸ் கதவைத் திறந்து மூடும் ஆளைக் கிளி என்பார்கள். இவனுக்கு வேறு பெயர் இருந்ததாக எனக்குத் தெரியாது. அம்மா போனபின் சித்தப்பா வீட்டில் சேர்க்கவில்லை. படுக்கை, பல்பொடி எல்லாம் பஸ்ஸுக்குள்தான். பத்தொன்பது வயதுக்குள் ஸ்டேஷனில் இரண்டு கேஸ். ஒன்று அடிதடி. மற்றது, தீயணைப்பு வண்டியில் ஏறி மணி அடித்தது.

தொண்ணூற்றேழில் ஒரு காலை, முதல் ட்ரிப்புக்கு டிரைவரும் வரவில்லை, கண்டக்டரும் வரவில்லை. நான் நகரசபையில் குப்பை அள்ளுபவன். நேரம் தப்பினால் அன்றைக்கு ஆப்சென்ட்.

"டேய் கிளி, ஹார்பர்ல ஏலம் முடிஞ்சா நான் எதை விக்கறது? உன்னையா?" என்றாள் மீன்கார அக்கா.

கிளி தலையைச் சொறிந்தான். "ஏறுங்க. மெல்லப் போலாம்."

"லைசென்ஸ் இருக்காடா?" என்றேன்.

"அது பின்னால வரும் மாமா."

நன்றாகத்தான் ஓட்டினான். ஆனால் கிளி வேலையையும் விடவில்லை. ஒவ்வொரு ஸ்டாப்பிலும் இறங்கி ஓடிவந்து கதவைத் திறப்பான். வயதானவர்களைக் கைபிடித்து ஏற்றுவான். கதவில் இரண்டு தட்டுத் தட்டி, டிரைவருக்குச் சொல்வதுபோல் "போட்டே", அதாவது போகட்டும், என்று கத்துவான். பிறகு சுற்றி ஓடிப்போய், தன் உத்தரவுக்குத் தானே கீழ்ப்படிந்து வண்டியை எடுப்பான்.

தோப்பும்படியில் முதலாளியும் போலீஸும் நின்றிருந்தார்கள். எஸ்.ஐ. கை காட்டினார். கிளி ஒழுங்காக ஓரம் கட்டி, இறங்கி, அவருக்கும் கதவைத் திறந்தான்.

"கேறு சாரே. முன்னால சீட்டுண்டு."

திருட்டுக் கேஸ் போட்டார்கள். நிரூபணமானால் ஜெயில். சாட்சிக்கு என்னைக் கூப்பிட்டார்கள். ரேஷன் கடையிலேயே வாய் திறக்காதவன் நான். கூண்டில் ஏறினேன். எதிரே கிளி தரையைப் பார்த்து நின்றான். அவன் சும்மா நின்று அன்றுதான் பார்த்தேன்.

"வண்டியை எங்கே கடத்திட்டுப் போனான்?" என்றார் வக்கீல்.

"கடத்தலை சார். போற வழியிலதான் போனான். சுள்ளிக்கல் ஸ்டாப்புல நிறுத்தினான். கை காட்டின போலீசுக்கும் நிறுத்தினான். திருடினவன் எதுக்கு சார் நிறுத்தறான்?"

மாஜிஸ்ட்ரேட் ஃபைலால் வாயை மூடிக்கொண்டார். திருட்டுக் கேஸ் நிற்கவில்லை. லைசென்ஸ் இல்லாததற்கு அபராதம் மட்டும். அதை அன்று ஏறியவர்கள் சேர்ந்து கட்டினோம். டிக்கெட் எடுக்காத காசு எல்லாரிடமும் இருந்ததே.

"மாமா, நீங்க இவ்ளோ பேசுவீங்களா?" என்றான் வெளியே வந்ததும். அதற்குப் பிறகு நான் அவ்வளவு பேசியதில்லை.

அவன் கோவைப் பக்கம் லாரிக்குப் போய்விட்டான் என்றார்கள். இப்போதும் பஸ் கதவில் இரண்டு தட்டு விழுந்தால், நான் முதலில் டிரைவர் சீட்டைத்தான் எட்டிப் பார்க்கிறேன்.

14-11-2009, சனிக்கிழமை.