குறுக்கே ஒரு பல்லி

“பல்லி இந்தத் தடவையும் மேல ஏறிடுச்சு சார்!” என்று ஏணியிலிருந்து கத்தினார் உதவி இயக்குநர்.

இயக்குநர் தலையில் கைவைத்துக்கொண்டார். கதாநாயகி வெள்ளை உடையில் நின்று கடிதம் படித்து அழ, பின்சுவரில் ஒரு குட்டிப் பல்லி குறுக்கே போக வேண்டும். சிறுவயதில் ரயிலடிக் கொட்டகையில் அவர் ஒன்பது முறை பார்த்த படத்தில் அப்படித்தான் போயிற்று. இயக்குநராவதென்று அன்றைக்கே முடிவு செய்தார். அந்தப் படச்சுருள் பிற்பாடு தீயில் போய்விட்டது. பல்லி மட்டும் நெஞ்சில் தங்கிவிட்டது.

“மாப்ள, ஆறு மணிக்கு வீட்டைக் காலி பண்ணணும்,” என்றார் தயாரிப்பாளரான மாமனார். “அழுகைதானே முக்கியம்? பல்லி எதுக்கு?”

“அது பல்லி இல்ல மாமா, விதி!”

“விதியோ பல்லியோ, இன்னிக்கு முடியலேன்னா படம் அவ்வளவுதான். திங்கக்கிழமை நம்ம ஆணிக்கடையில வந்து உக்காருங்க.”

இயக்குநர் உடனே ரப்பர் பல்லி ஒன்றை நூலில் கட்டி இழுக்கச் சொன்னார். பாதி வழியில் நூல் அறுந்து, விதி கதாநாயகியின் முதுகுக்குள் இறங்கியது. அவள் குளியலறைக்குள் ஓடித் தாழ்ப்பாள் போட்டுக்கொண்டாள்.

“வா கண்ணு, வெறும் ரப்பர்தான்,” என்று மேக்கப் அக்கா கெஞ்சிக் கூத்தாடி அவளை வெளியே கொண்டுவந்தபோது மணி ஐந்தே முக்கால். வெளிச்சம் மங்கிவிட்டது.

“இருக்கிற லைட்டையெல்லாம் போடுங்க!”

போட்டார்கள். புழுக்கம் தாங்காமல் ஜன்னலையும் திறந்தார்கள். ஊர்ப் பூச்சியெல்லாம் உள்ளே வந்தது.

“வாய்க்குள்ள போகுது சார்!”

“அப்படியே அழும்மா!”

அவள் நிஜமாகவே அழுதாள். அப்போது, யாரும் கூப்பிடாமல், ஜன்னலோரத்திலிருந்து குட்டிப் பல்லி ஒன்று புறப்பட்டு, பின்சுவரில் நிதானமாகக் குறுக்கே போயிற்று.

“கட்!” இயக்குநர் மாமனாரைக் கட்டிக்கொண்டார். “அச்சு அசல் அதே ஷாட் மாமா! எங்க ஊர் ரயிலடிக் கொட்டகையில பார்த்த அதே பல்லி! அந்த டைரக்டர் மகான் மாமா, மகான்!”

மாமனாரே கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

கதாநாயகியின் முகத்தில் ஒட்டிய பூச்சிகளை எடுத்துக்கொண்டிருந்த மேக்கப் அக்கா திரும்பிப் பார்த்தார்.

“ரயிலடிக் கொட்டகையா? அங்க எங்கப்பாதான் சார் படம் ஓட்டினாரு. அந்தப் பல்லி படத்துல இல்ல சார், திரையில குடியிருந்துச்சு. வெள்ளை உடுப்பு வந்தா திரை பளிச்சுங்கும், பூச்சி மொய்க்கும், அது சாப்பிட வந்துடும். அங்க ஓடின எல்லாப் படத்துலயும் நடிச்சிருக்கு!”